பக்கத்து றூட்காரருக்கு வழி மாற்றிக் குடுத்தால் எங்க, எப்பிடி ஆட்சேபிக்கிறது?

கோப்பாய்ச்சந்தி
ஊர்ப்பெயர்கள் விளங்கிறதுக்காக மட்டும். நடந்த வழக்கு இல்லை, உதாரணம்.

யாழ்ப்பாணத்தில இருந்து பலாலி வீதியால உரும்பிராய், புன்னாலைக்கட்டுவன் போய் அச்சுவேலிக்குத் திரும்புற தனியார் பஸ் கொஞ்சம் இருக்கெண்டு வையுங்கோ. அவையின்ர அனுமதிப்பத்திரத்தில 'வழி' எண்ட இடத்தை மாத்தி, உரும்பிராய்ச் சந்தியில கிழக்கால திரும்பி கோப்பாய், நீர்வேலி, சிறுப்பிட்டி, புத்தூர், ஆவரங்கால் பிடிச்சு அச்சுவேலிக்குப் போகலாம் எண்டு மாகாண வீதிப் பயணிகள் போக்குவரத்து அதிகாரசபை கடிதம் குடுக்குது. அந்த ஊர்களால போற பருத்தித்துறை வீதியில ஏற்கனவே ஓடுற ஆக்களுக்கு அறிவித்தலும் இல்லை, கூட்டமும் இல்லை. கோப்பாய்க்கும் ஆவரங்காலுக்கும் இடையில ரெண்டு பகுதியும் ஒரே ஆக்களைத்தான் ஏத்தப் போகினம்.

இதுக்குத் தடையுத்தரவு எடுக்கலாமோ? எந்தக் கோட்டில (நீதிமன்றத்தில)? சங்கம் போடலாமோ, பஸ் முதலாளிமார் ஆளாளாய்ப் போட வேணுமோ? முதல்ல கையில இருக்க வேண்டிய பேப்பர் என்ன?

சட்டக்கோப்பு
கடைசிக் கேள்வியிலிருந்து தொடங்குகிறேன். பேப்பர் சரியாக இல்லாவிட்டால் மற்றக் கேள்விகளுக்கு விடை தேடிப் பயனில்லை.

வழி மாற்றத்தில் மூன்று தனித்தனி ஆவணங்கள் இருக்கும். எதிர்த்தரப்பு கொடுத்த விண்ணப்பம் ஒன்று. அதன்மேல் அதிகாரசபைக் கோப்பில் எழுதப்பட்ட குறிப்பும் சிபாரிசும் இரண்டாவது. வெளியே வந்த கடிதம் அல்லது திருத்திய அனுமதிப்பத்திரம் மூன்றாவது. பஸ் நிலையத்தில் கைக்குக் கை மாறிவருவது மூன்றாவதன் போட்டோப்பிரதி மட்டும். அதில் 'உங்கள் கோரிக்கை பரிசீலிக்கப்பட்டு அனுமதி வழங்கப்படுகிறது' என்ற ஒரு வரிதான் இருக்கும். யார் பரிசீலித்தார், எந்த ஏற்பாட்டின் கீழ், என்ன காரணம் என்பதெல்லாம் இரண்டாவதில்தான் கிடக்கும். எழுத்தாணை (அரச அதிகாரியின் தீர்மானத்தை ரத்துச் செய்ய மேல் நீதிமன்றங்கள் கொடுக்கும் 'ரிட்' ஆணை) கேட்பவர் ரத்துச் செய்யச் சொல்வது ஒரு தீர்மானத்தை. அந்தத் தீர்மானத்தின் திகதியும் கையெழுத்தும் தெரியாமல் மனு எழுதினால், 'தீர்மானம் அது அல்ல, அதற்கு முந்தியது' என்று முதல் தவணையிலேயே ஆட்சேபனை வரும்.

அதனால் முதல் வேலை, உறுதிப்படுத்திய பிரதி கேட்டு அதிகாரசபைக்குப் பதிவுத் தபாலில் ஒரு கடிதம். கூடவே 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் ஒரு விண்ணப்பம். தகவல் அலுவலர் 14 வேலை நாட்களுக்குள் தருவதா இல்லையா என்று முடிவு சொல்ல வேண்டும். மறுத்தால் 14 நாட்களுக்குள் குறித்தளிக்கப்பட்ட அலுவலரிடம் மேன்முறையீடு. அந்தச் சட்டத்தில் பிரசை என்பதற்குள், உறுப்பினரில் நாலில் மூன்று பங்குக்குக் குறையாதோர் இலங்கைப் பிரசைகளாக உள்ள சங்கமும் அடங்கும். ஆகவே இதைச் சங்கத்தின் பெயரிலேயே போடலாம்.

கேட்க வேண்டியதைக் குறிப்பாகக் கேளுங்கள். 'வழி மாற்றம் பற்றிய எல்லா விபரமும்' என்று எழுதினால் இழுபடும். விண்ணப்பத்தின் பிரதி, கோப்பின் குறிப்புத் தாள்கள், நேர அட்டவணையின் பழைய புதிய வடிவங்கள், பயணிகள் தேவை பற்றி ஆய்வு நடந்திருந்தால் அதன் அறிக்கை, ஆய்வு நடக்காவிட்டால் 'அப்படி ஒன்று இல்லை' என்ற பதில். கடைசியாகச் சொன்ன அந்தப் பதில் சில வேளை மற்ற எல்லாவற்றையும்விடப் பெறுமதி.

வல்லைவெளி
எந்தக் கோடு எண்டதைப் பற்றி. அனுமதிப்பத்திரம் குடுத்தது ஆர் எண்டு முதல்ல பாக்க வேணும்.

மாகாணத்துக்குள்ள ஓடுற பயணிகள் சேவை அரசியலமைப்பின்ர 13ஆவது திருத்தத்தோட மாகாண சபை நிரலுக்குப் போன விடயம். யாழ்ப்பாணம் – அச்சுவேலி மட்டுமில்லை, யாழ்ப்பாணம் – வவுனியா, யாழ்ப்பாணம் – மன்னார் எல்லாம் வடமாகாணத்துக்குள்ளதான். தூரம் கூடின உடனே கொழும்பில இருக்கிற தேசிய போக்குவரத்து ஆணைக்குழுவின்ர வேலை எண்டு நினைச்சுப் பிழை விடுற ஆக்கள் கனபேர். யாழ்ப்பாணம் – கொழும்பு, யாழ்ப்பாணம் – திருகோணமலை மாதிரி மாகாண எல்லை தாண்டினால்தான் 1991ஆம் ஆண்டின் 37ஆம் இலக்கச் சட்டத்தில வந்த தேசிய போக்குவரத்து ஆணைக்குழு.

மாகாண அதிகாரசபையின்ர தீர்மானமெண்டால் அரசியலமைப்பின்ர 154P (4) படி யாழ்ப்பாணத்தில இருக்கிற மாகாண மேல் நீதிமன்றத்துக்கு எழுத்தாணை குடுக்கிற அதிகாரம் இருக்கு. ஆணைக்குழுவின்ர தீர்மானமெண்டால் 140ஆவது உறுப்புரையின் கீழ் கொழும்பு புதுக்கடையில மேன்முறையீட்டு நீதிமன்றம். ஆணைக்குழுவின்ர தீர்மானத்தை மாகாண மேல் நீதிமன்றத்தில போட்டால் நியாயாதிக்கம் இல்லையெண்டு தள்ளுபடி. அதுக்குள்ள ஆறு மாசம் போயிருக்கும், எதிர்ப்பக்கம் ஓடிப் பழகியிருக்கும்.

இன்னொண்டு. மாகாண சபையின்ர காலம் 2018 ஒக்ரோபரோட முடிஞ்சுது. அதுக்குப் பிறகு தேர்தல் நடக்கேல்லை. அமைச்சர் இல்லாத இடத்தில ஆளுநர், அமைச்சின் செயலாளர் எண்டு கையெழுத்து வேற வேற இடத்தில கிடக்கும். ஆர் தீர்மானிச்சதோ அவரைப் பதவியின் பேரில எதிர்மனுதாரராய்ச் சேர்க்க வேணும்.

பின்சீற்
பயணி பக்கத்தால ஒரு மாற்றுக் கருத்து. புத்தூரில இருந்து பல்கலைக்கழகத்துக்குப் போற பிள்ளை இப்ப கோப்பாயிலயோ நல்லூரிலயோ இறங்கி மாறிப் போகுது. நீங்கள் சொல்லுற 'மாத்தின வழி' வந்தால் ஒரே பஸ்ஸில உரும்பிராய், கோண்டாவில், திருநெல்வேலி, பரமேஸ்வராச் சந்தி. இதை நிப்பாட்டச் சொல்லிக் கேக்கிறதுக்கு உங்களுக்கு என்ன உரிமை? வீதி ஆற்றையும் சீதனமோ?

சட்டக்கோப்பு
பின்சீற் சொல்வதை மேல் நீதிமன்றத்தில் அரச சட்டத்தரணியும் சொல்வார். அதனால் கோபிக்காமல் பதில் வைத்திருங்கள்.

ஒரு காலத்தில் வீதி உண்மையிலேயே சீதனம் மாதிரித்தான் இருந்தது. 1942ஆம் ஆண்டின் 47ஆம் இலக்க ஒம்னிபஸ் சேவை அனுமதிக் கட்டளைச் சட்டம், பெருந்தெருவின் ஒரே துண்டில் வெவ்வேறு ஆட்கள் ஒழுங்கான சேவை நடத்தாதபடி அனுமதி கொடுக்க வேண்டும் என்பதையே பொது விதியாக வைத்திருந்தது. 1958இல் பஸ் கம்பனிகள் தேசியமயமாகி இலங்கைப் போக்குவரத்துச் சபை வந்ததோடு அந்த உலகம் முடிந்தது. 1979இல் தனியார் பஸ் திரும்ப வந்தபோது அந்தத் தனியுரிமை கூட வரவில்லை. ஆகவே 'இது எங்கள் வீதி, இன்னொருவர் வரக்கூடாது' என்று மனு எழுதினால் தோற்கும். தோற்கவும் வேண்டும்.

நிற்கக்கூடிய வாதம் வேறு. அங்கீகரித்த நேர அட்டவணை உங்கள் அனுமதிப்பத்திரத்தின் நிபந்தனை. அதை மீறினால் உங்களுக்குத் தண்டனை. அதே அட்டவணைக்குள் உங்களுக்கு மூன்று நிமிடம் முன்னால் இன்னொரு பஸ்ஸைச் செருகும்போது, உங்கள் அனுமதியின் உள்ளடக்கமே உங்களைக் கேளாமல் மாறுகிறது. இயற்கை நீதி (பாதிக்கப்படுபவரைக் கேட்ட பிறகே தீர்மானிக்க வேண்டும் என்பது), நியாயமான எதிர்பார்ப்பு (அதிகாரசபை இதுவரை நடந்த முறையை நம்பி இருப்பது) இரண்டும் அந்த இடத்தில்தான் கால் ஊன்றும்.

ரைம்கீப்பர்
இதைத்தான் நானும் சொல்ல வந்தனான். சண்டை வீதிக்கில்லை, நிமிசத்துக்கு. கணக்கைப் பாருங்கோ.

புத்தூர்ச் சந்தியை உங்கட பஸ்கள் காலமை 6.45, 6.55, 7.05 எண்டு பத்து நிமிச இடைவெளியில கடக்குதெண்டு வையுங்கோ. சனம் நிமிசத்துக்கு மூண்டு பேராய் வந்து சேருது. ஒவ்வொரு பஸ்ஸுக்கும் 30 பேர். புதுப் பஸ் 6.52க்கு வந்தால் 6.45க்குப் பிறகு சேர்ந்த ஏழு நிமிசச் சனம், 21 பேர், அதில ஏறிவிடும். 6.55க்கு ஒன்பது பேர்தான் மிச்சம். அதே புதுப் பஸ் 6.46க்கு வந்தால் அதுக்கு மூண்டு பேர், உங்களுக்கு 27. வழி ஒண்டுதான், பஸ்ஸும் ஒண்டுதான். ஆறு நிமிசம் தள்ளினால் ஆளுக்கு 18 பயணி வித்தியாசம்.

அதால கடிதத்தில 'பொருத்தமான நேரங்களில்' எண்டு மட்டும் இருந்தால் விடாதேங்கோ. இணைப்பில நேர அட்டவணை இருக்க வேணும். அதில யாழ்ப்பாணத்தில வெளிக்கிடுற நேரம் மட்டும் போதாது. உரும்பிராய்ச் சந்தி, கோப்பாய்ச் சந்தி, புத்தூர், ஆவரங்கால் எண்டு நடுவில கடக்கிற நேரமும் வேணும். ரெண்டு றூட்டும் சேருற சந்தியில நேரம் எழுதாத அட்டவணையில வழமையாய் நடக்கிறது இதுதான்: வெளிக்கிடுற நேரம் சரியாய் இருக்கும், நடுவில ஒரு இடத்தில ஐஞ்சு நிமிசம் உருட்டி உருட்டி வந்து, சந்தியில மற்றவருக்கு ஒரு நிமிசம் முன்னால பாயும். லொக் ஷீற்றில (பஸ் ஓடின நேரம் பதியுற தாளில) ரெண்டு முனையிலயும் முத்திரை சரியாய்த்தான் விழுந்திருக்கும்.

கோட்டுக்குக் காட்ட வேணுமெண்டால் சந்தியில ஆள் வைச்சு எண்ணுங்கோ. கோப்பாயில ரெண்டு பேர், புத்தூரில ரெண்டு பேர். காலமை 6 தொடக்கம் 9, பின்னேரம் 1 தொடக்கம் 3 (பள்ளிக்கூடம் விடுற நேரம்). கிழமை நாளில மூண்டு நாள், சனிக்கிழமை ஒரு நாள். ஒருத்தர் பஸ் இலக்கமும் நேரமும் எழுத, மற்றவர் ஏறினது, இறங்கினது, நிண்டுகொண்டு போறது எண்டு மூண்டையும் எழுத வேணும். நல்லூர் திருவிழா 25 நாளுக்குள்ள எண்ணிப்போட்டுக் கொண்டுவராதேங்கோ. கோயிலடியில வீதி மூடி பஸ் எல்லாம் சுத்திப் போற காலம், அந்தக் கணக்கை ஒருத்தரும் ஏற்கமாட்டினம்.

கோப்பாய்ச்சந்தி
திருவிழாக் காலத்தில சுத்திப் போனதைப் பிறகு 'நாங்கள் முந்தியே இந்த வழியால ஓடினனாங்கள்' எண்டு சொல்லலாமோ?

வல்லைவெளி
சொல்லிப் பாக்கினம். ஆனால் வீதி மூடினதால வந்த மாற்றுப்பாதை அனுமதிப்பத்திரத் திருத்தம் இல்லை. கவனிக்க வேண்டியது தற்காலிக அனுமதிக் கடிதம். பொங்கல், திருவிழா, வீதித் திருத்த வேலை எண்டு ஒரு மாசத்துக்குக் குடுக்கிறது, பிறகு நீடிப்பு, பிறகு இன்னொரு நீடிப்பு. ஒரு வருசத்தால 'தொடர்ச்சியாக ஓடி வருகிறார்' எண்டு நிரந்தரத்துக்குச் சிபாரிசு. முதல் கடிதத்திலயே எழுத்தில ஆட்சேபிச்சு வைக்காத ஆள் கடைசிக் கடிதத்துக்கு எதிராய்ப் போனால், இவ்வளவு நாளும் என்ன செய்தனீர் எண்டுதான் முதல் கேள்வி வரும். எழுத்தாணைக்கு நாள்க்கணக்கில காலக்கெடு எழுதியில்லை எண்டு சொல்லுவினம். தாமதத்தைக் காட்டித் தள்ளுபடி செய்யிறது வழமை.

அடிப்படை உரிமை மனு அப்பிடி இல்லை. 126ஆவது உறுப்புரை, ஒரு மாதம், நேரே உயர் நீதிமன்றம். மனித உரிமைகள் ஆணைக்குழுவில அந்த ஒரு மாதத்துக்குள்ள முறைப்பாடு போட்டால் விசாரணை நடக்கிற காலம் கணக்கில வராது எண்டு 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம் சொல்லுது.

சட்டக்கோப்பு
சங்கமா ஆளாளாகவா என்ற கேள்விக்கு வருகிறேன்.

சங்கத்துக்கு அனுமதிப்பத்திரம் இல்லை, உறுப்பினருக்குத்தான் இருக்கிறது. சங்கம் மட்டும் மனுதாரராக நின்றால், பாதிக்கப்பட்டவர் யார் என்று கேட்பார்கள். சங்கத்தோடு குறைந்தது மூன்று நான்கு அனுமதிப்பத்திரக்காரரையும் சேருங்கள். எதிர்ப்பக்கம் இன்னும் கவனம். வழி மாற்றம் கிடைத்தது எட்டுப் பஸ்ஸுக்கென்றால் எட்டு அனுமதிப்பத்திரக்காரரும் பெயர், விலாசத்தோடு எதிர்மனுதாரராக இருக்க வேண்டும். அவர்களின் சங்கத் தலைவரை மட்டும் போட்டால் போதாது. ரத்தானால் நட்டப்படப் போகிறவரைச் சேர்க்காத மனு, அவசியமான தரப்பு இல்லை என்ற ஒரே காரணத்தால் விழுகிறது. பெயர்ப்பட்டியலைத் தகவல் விண்ணப்பத்திலேயே கேட்டுவிடுங்கள்.

அடுத்தது உங்கள் சொந்த வீட்டைக் கூட்டுங்கள். மனுப் போடும் நாளில் உங்கள் அனுமதிப்பத்திரம் புதுப்பித்திருக்கிறதா? பத்திரத்தில் எழுதிய வாகன இலக்கமும் இப்போது ஓடும் பஸ்ஸின் இலக்கமும் ஒன்றா? யாழ்ப்பாணத்தில் நன்றாகத் தெரிந்த கூத்து, பேர்மிற் ஒருவர் பெயரில், பஸ் இன்னொருவருடையது, நாள்க்கூலிக்கு ஓடுவது மூன்றாமவர். இதை மறைத்து மனுப் போட்டு எதிர்த்தரப்பு வெளியே எடுத்தால், விடயத்துக்குள் போகாமலே தள்ளுபடி செய்யலாம். இதற்குக் காட்டும் தீர்ப்பு: அல்போன்சோ அப்புஹாமி எதிர் ஹெட்டியாராச்சி, புதிய சட்ட அறிக்கை (NLR) 77ஆம் தொகுதி, பக்கம் 131. எந்த எழுத்தாணை வழக்கிலும் எதிர்த்தரப்புச் சட்டத்தரணி கையில் இது இருக்கும். உங்கள் பக்கத்தில் குறை இருந்தால் மனுவிலேயே ஒரு பந்தியில் சொல்லிவிடுவது பாதுகாப்பு.

இடைக்கால உத்தரவு கேட்கும் வாசகத்திலும் பலர் சறுக்குகிறார்கள். 'எதிர்மனுதாரரின் பஸ்களை நிறுத்துக' என்று கேட்டால் கிடைக்காது. அவர்களின் பழைய வழி செல்லுபடியானது. திருத்தத்தின் செயற்பாட்டை மட்டும், அதுவும் கோப்பாய்ச் சந்திக்கும் ஆவரங்காலுக்கும் இடைப்பட்ட துண்டுக்கு மட்டும் இடைநிறுத்தக் கேளுங்கள். கேட்பது சின்னதாக இருந்தால் வசதிச் சமநிலை (உத்தரவால் யாருக்குக் கூடிய இடைஞ்சல் என்ற நிறுவை) உங்கள் பக்கம் சாய இடமுண்டு. 'நட்டம் காசால் கணக்கிடக்கூடியது, பிறகு வாங்கலாம்' என்று மறுதரப்பு சொல்லும். எழுத்தாணை வழக்கில் வென்றாலும் நட்டஈடு தீர்ப்பாக வராது என்பதையும், மாதாந்த லீசிங் கட்டணத்தையும், எண்ணிய பயணிகள் கணக்கையும் பக்கத்தில் வைத்துக் காட்டுங்கள்.

சிவத்தபஸ்
எல்லாரும் தனியாரை மட்டும் கதைக்கிறீங்கள். அதே வீதியில இலங்கைப் போக்குவரத்துச் சபையின்ர (இ.போ.ச.) சாலை, அதாவது டிப்போ, பஸ்ஸும் ஓடுது. இணைந்த நேர அட்டவணை (தனியாரும் சபையும் ஒரே அட்டவணையில ஓடுறது) இருக்கிற றூட்டெண்டால் சபையையும் எதிர்மனுதாரராய்ச் சேர்க்காமல் என்ன செய்யப் போறியள்? ஓட்டத்தில தனியாருக்கு 60 வீதம், சபைக்கு 40 வீதம் எண்ட கதை வடக்கில எத்தினை தரம் பணிப்புறக்கணிப்பு வரை போனது. யாழ்ப்பாண நெடுந்தூர பஸ் நிலையம் வந்த பிறகும் அங்க ஆர் நிக்கிறது எண்ட இழுபறி எல்லாருக்கும் தெரியும்.

சட்டக்கோப்பு
சரியான திருத்தம். இணைந்த அட்டவணை இருந்தால் சபையும் தரப்புத்தான். சேர்த்தால் சாலை அத்தியட்சகரின் அட்டவணைப் பிரதி ஆட்சேபனையோடு தானாகவே கோப்புக்கு வரும். உங்களுக்கு அது இலாபமாகவும் முடியலாம்.

பின்சீற்
பொலிசில போட்டால் முடியாதோ? வழி மாறி ஓடுறான் எண்டு.

வல்லைவெளி
வழி மாறி ஓடுறது வேற, மாத்தின வழியை அதிகாரசபை எழுத்தில குடுத்து ஓடுறது வேற. முதலாவதுக்கு நீதவான் நீதிமன்றம், வழக்குப் போடுறது பொலிசோ அதிகாரசபையோ. நீங்கள் தகவல் குடுக்கலாம், அவ்வளவுதான். (அனுமதிப்பத்திரமே இல்லாமல் மாகாணம் தாண்டி ஓடுற பஸ்ஸுக்கு 2017 திருத்தத்தோட தண்டம் 10,000 ரூபாவில இருந்து 2 இலட்சம் ஆனது. ஆனால் இங்க அந்தப் பேச்சு வராது.) ரெண்டாவதில கடிதத்தைக் காட்டினால் பொலிஸ் விட்டிடும். அந்தக் கடிதத்தை ரத்துச் செய்தால்தான் உண்டு.

கோப்பாய்ச்சந்தி
சத்தியக்கடதாசி (அபிடவிற்), மொழிபெயர்ப்பு பற்றியும் சொல்லுங்கோ.

சட்டக்கோப்பு
யாழ்ப்பாண மேல் நீதிமன்றத்தில் தமிழிலேயே நடக்கும். புதுக்கடைக்குப் போனால் தமிழ் ஆவணம் ஒவ்வொன்றுக்கும் சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளரின் ஆங்கிலப் பிரதி தேவை. லொக் ஷீற் 180 தாள் என்றால் அதற்கே காசு கரையும். மாதத்துக்கு ஒரு கிழமை தெரிந்தெடுத்து, மிகுதியை நீதிமன்றம் கேட்டால் சமர்ப்பிப்பதாக எழுதுங்கள். 1990ஆம் ஆண்டின் மேன்முறையீட்டு நீதிமன்ற நடைமுறை விதிகளில் 3ஆம் விதி, மூலப்பிரதி அல்லது முறையாக உறுதிப்படுத்திய பிரதி இணைக்கச் சொல்கிறது. சாதாரண போட்டோப்பிரதியோடு போய் வழக்கை இழந்தவர்கள் இருக்கிறார்கள். கிடைக்காத பிரதி என்றால் கேட்டுப் போட்ட பதிவுத் தபால் பற்றுச்சீட்டை இணைத்து, ஏன் இல்லை என்று மனுவில் சொல்லுங்கள்.

சத்தியக்கடதாசியில் இடமும் திகதியும் சமாதான நீதவான் முன் நிரப்ப வேண்டும். இந்துவாயின் உறுதிமொழி, கிறிஸ்தவராயின் சத்தியம். 'சத்தியம் செய்கிறேன்' என்று தொடங்கி அடியில் 'உறுதியுரைத்தார்' என்று முடிந்த கடதாசிகளைப் பழைய மனுவிலிருந்து வெட்டி ஒட்டியதால்தான் காண்கிறோம்.

ரைம்கீப்பர்
வழக்குப் போட முந்தி இணக்கத்துக்கு ஒருக்கால் முயற்சி செய்யலாம். ரெண்டு வழி இருக்கு. ஒண்டு, பொதுத் துண்டில இறக்கலாம் ஏத்தேலாது எண்ட நிபந்தனை. கடதாசியில வடிவு. மழைக்குள்ள பள்ளிக்கூடப் பிள்ளை கைகாட்டினால் எந்த றைவர் நிப்பாட்டாமல் போவான், போகவும் கூடாது. மற்றது, சந்தி நேரத்தை மாறிமாறிப் பிரிக்கிறது: பத்து நிமிச இடைவெளியை பன்னிரண்டாக்கி, புதுப் பஸ்ஸை உங்கட பஸ்ஸுக்கு ரெண்டு நிமிசம் பின்னால விடுறது. அதுக்கு ஆறு பேர், உங்களுக்கு 30. இது ஓடும்.

ஆனால் சங்கக் கடிதத் தலைப்பில கையெழுத்து வைச்சுப்போட்டு எழும்பாதேங்கோ. அடுத்த நிர்வாகம் வந்த உடனே அது செல்லாது. ரெண்டு பகுதியின்ர அனுமதிப்பத்திரத்திலயும் நிபந்தனையாய் ஏற வேணும்.

பின்சீற்
ரெண்டு நிமிசம் பின்னால வந்தாலும் கம்பஸுக்கு நேர் பஸ் எண்டால் நான் ஆட்சேபிக்கேல்லை.

கோப்பாய்ச்சந்தி
கடைசியாய் ஒண்டு. இடைக்கால உத்தரவு கிடைச்சுது எண்டு வையுங்கோ. அடுத்த நாள் காலமை பஸ் அதே வழியால வந்தால்?

வல்லைவெளி
உத்தரவு கோட்டுக் கோப்பில இருந்தால் வீதியில ஒருத்தருக்கும் தெரியாது. அண்டைக்கே பதிவாளரிட்ட உறுதிப்படுத்தின பிரதி ஐஞ்சாறு எடுங்கோ. அதிகாரசபைக்கு ஒண்டு, யாழ்ப்பாணத்திலயும் அச்சுவேலியிலயும் ரைம்கீப்பருக்கு ஒவ்வொண்டு, கோப்பாய், அச்சுவேலி பொலிசுக்கு ஒவ்வொண்டு, எல்லாத்துக்கும் பாரமெடுத்த கையெழுத்து. அதுக்குப் பிறகும் ஓடினால் நேரம், பஸ் இலக்கம், படம் எடுத்து நீதிமன்ற அவமதிப்புக்குப் போகலாம். கையெழுத்து இல்லாட்டி 'எங்களுக்கு அறிவிக்கேல்லை' எண்டு முடிச்சுப் போடுவினம்.

உத்தரவில முடிவுத் திகதி இருக்கும், அதையும் பாருங்கோ. அண்டைக்குத் தவணையில நீடிக்கச் சொல்லிக் கேக்க வேணும். சட்டத்தரணி அண்டைக்கு வேற கோட்டில நிண்டால் உத்தரவு அண்டையோட சரி. அடுத்த நாள் 6.52க்கு புத்தூர்ச் சந்தியில பஸ் நிக்கும், அதில பிழையும் இல்லை.